முழங்கால் தண்ணியில் முதல் வெட்டு

மகன்,

ஸலாம் சொல்லாமல் கடிதம் தொடங்கி எனக்குப் பழக்கமில்லை, அதனால சொல்றன். அஸ்ஸலாமு அலைக்கும். சுகமா எண்டு கேக்கமாட்டன். பள்ளிவாசல் மலருக்கு ஊர் வரலாறு எண்டு இத்தனை பக்கம் எழுதிக் குவிச்சவனுக்குச் சுகத்துக்கு என்ன குறை? கல்முனை அச்சகத்துக்காரர் நேத்து பஸ்ஸில கொடுத்தனுப்பின புரூப் கட்டு என்ட மடியிலதான் கிடக்கு. நீ கொழும்பில இருக்கிறதால வீட்டில கொடுத்து வைக்கச் சொன்னாராம். வந்தவுடனே தரச் சொன்னாரே தவிர, வாசிக்க வேணாமெண்டு சொல்லல்லை. லுஹர் தொழுதிட்டுக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குந்தினவள், அஸர் பாங்கு சொல்லியும் எழும்பல்லை. இப்ப எழுதுறன்.

முதல் பக்கத்திலேயே எனக்குக் கோவம் ஏறிச்சு. அரபு நாட்டிலிருந்து கப்பலில வந்த வணிகர்கள் இந்த ஆத்தங்கரையில குடியேறினார்கள் எண்டு எழுதியிருக்காய். வரட்டும், நல்லா வரட்டும். கப்பலில வந்தவன் கலியாணம் முடிச்சானே ஒருத்தியை, அவள் எங்கிருந்து வந்தாள்? அவளும் பாய்மரத்தில தொங்கிக்கொண்டா வந்தாள்? அவள் இஞ்சதான் இருந்தாள், இந்த ஆத்தில குளிச்சு, இந்த வட்டையில நாத்து நட்டு. நம்மட ஊரில குடி எண்டது உம்மா வழியில வாறது. நீ என்ட குடி, நான் என்ட உம்மாட குடி. வாப்பாட குடியில பள்ளியை நடத்துற மரைக்கார் வரலாம், ஆனா அந்தக் குடிக்கு நீ சொந்தக்காரன் இல்லை. இந்த வீடு என்ட உம்மா எனக்குத் தந்தது, நான் உன்ட ராத்தாவுக்குக் கொடுத்தது. வாற மாதம் நீயும் ஒரு பொம்பிளைட வீட்டுக்குத்தான் குடி போகப் போறாய். இந்த ஊரில ஆம்பிளைக்கெண்டு ஒரு கூரை கிடையாது. அப்படி இருக்க, உன்ட புத்தகத்தில முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரைக்கும் ஒரு பொம்பிளைட பேர் இல்லை. தேடித் தேடிப் பார்த்தன். கடைசியில பள்ளிக்குக் காணி கொடுத்த ஒருத்தியைக் கண்டுபிடிச்சன், அவளையும் 'இன்னாரின் மனைவி' எண்டு போட்டிருக்காய்.

அதைக்கூடப் பொறுத்திருப்பன். ஆம்பிளைகள் எழுதினா அப்படித்தான் எண்டு தலையில அடிச்சிட்டுப் போயிருப்பன். ஆனா வெள்ளத்தைப் பத்தி எழுதின பக்கம் வந்துச்சு. நீ எழுதினதை நீயே ஒருக்கா வாசி: 'அவ்வாண்டுப் பெருவெள்ளத்தின்போது பெரிய மரைக்கார் அவர்கள் தமது கரங்களால் முதல் வெட்டினை வெட்டி முகத்துவாரத்தைத் திறந்து, எவ்வித உயிர்ச்சேதமுமின்றி ஊரைக் காத்தருளினார்.' காத்தருள அவர் ஆரு மகன்? அருளுறவன் ஒருத்தன்தான் எண்டு உனக்கு அலிஃப் சொல்லித் தந்த லெப்பை சொல்லித் தரல்லையா? அதையும் விடு. உயிர்ச்சேதம் இல்லை எண்டு எழுத உனக்கு எப்படிக் கை வந்துச்சு? நான் உனக்குச் சொல்லியிருக்கன். பெண் பேசி முடிச்சு நீ வந்து நிண்ட அந்தக் கிழமை, குசினிப் படியில குந்திக்கொண்டு கேட்டாய், நான் சொன்னன், நீ கொப்பியில எழுதினாய். 'ஓம் உம்மா, ஓம் உம்மா' எண்டு தலையையும் ஆட்டினாய்.

நான் சொன்னது கொப்பியோட போயிட்டுது போல. அதனால திரும்பவும் சொல்றன், இந்த முறை நானே எழுதித் தாறன். சூறாவளி அடிச்சு அடுத்த மாரி அது. நீ கண்டியில ஹொஸ்டலில இருந்தாய், றோட்டெல்லாம் அறுந்து கிடந்ததால உனக்கு ஒண்டும் தெரியாது. நம்மட ஆறு கடலில விழுற இடத்தை வருசத்தில பாதி நாள் மணல் மூடிக் கிடக்கும். மாரியில மேலேயிருந்து தண்ணி வந்தா அந்த மணலை வெட்டிக் கடலுக்கு வழி விட வேணும், இல்லாட்டி ஆறு ஊருக்குள்ள கிறுகி வரும். ஆனா நினைச்சவன் நினைச்ச நேரம் வெட்ட ஏலாது. பாத்திஹா ஓதி, பெரிய மரைக்கார்ட குடியில வந்தவர் முதல் வெட்டு வெட்டினதுக்குப் பிறகுதான் மத்தவன் மண்வெட்டியைத் தொடலாம். அது அந்தக் குடிக்கு உள்ள மரியாதை. ஆர் கொடுத்தது, எப்ப கொடுத்தது எண்டு ஒருத்தருக்கும் தெரியாது. தெரியாததாலதான் எல்லாரும் அதுக்குப் பயந்தாங்க.

அண்டைக்கு சுபஹுக்கு எழும்பினா ஆத்தங்கரைத் தெருவில தண்ணி. அந்தத் தெரு நெசவு ஆக்கள்ட தெரு, தறிக்குழி எல்லாம் நிலத்துக்குக் கீழ. வீட்டுக்குள்ள தண்ணி வர முன்னமே குழி நிறைஞ்சிட்டுது, தறியில கட்டியிருந்த பாவு நூலெல்லாம் நனைஞ்சு போச்சு. எட்டு மணிக்கெல்லாம் பிள்ளைகளைத் தோளில தூக்கிக்கொண்டு பள்ளிக்கூட மேல்மாடிக்குப் போறாங்க. பள்ளியில நம்பிக்கைப்பொறுப்புக்காரங்க கூடியிருந்தாங்க, உன்ட வாப்பாவும் அதில ஒருத்தர். என்ன செய்தாங்க தெரியுமா? காத்துக்கொண்டு இருந்தாங்க. பெரிய மரைக்கார் சம்மாந்துறையில அவர்ட மில்லில நிண்டார். றோட்டுக்கு மேல தண்ணி. அவரை ஏத்திவர ட்ரக்டர் அனுப்பியிருக்கு எண்டாங்க. முகத்துவாரம் கால் மைல் தூரத்தில கிடக்கு, மண்வெட்டி வீட்டுக்கு வீடு இருக்கு, ஊர் நிறைய ஆம்பிளைகள் இருக்காங்க. எல்லாரும் தண்ணி ஏறுறதைப் பார்த்துக்கொண்டு ஒரு மனிசன்ட கைக்காகக் காத்து நிண்டாங்க. இப்படி ஒரு மடத்தனத்தை வேற எந்த ஊரில செய்வாங்க?

பத்து மணி போல ஹனிபா வந்தான். என்ட தம்பி, உன்ட மாமா. இடுப்புக்கு மேல நனைஞ்சு, தறியிலிருந்து அறுத்தெடுத்த பாவு நூலைக் கழுத்தில சுத்திக்கொண்டு வந்து வாசலில நிண்டான். பள்ளிக்குப் போய்க் கேட்டிருக்கான், பொறு எண்டு சொல்லியிருக்காங்க. 'ராத்தா, மச்சானுக்கு ஆள் அனுப்புங்க, நீங்க சொன்னா கேப்பார். இன்னும் ரெண்டு மணித்தியாலம் போனா எங்கட தெருவில ஒரு சுவரும் நிக்காது' எண்டான். நான் என்ன சொன்னன் தெரியுமா மகன்? 'பொறு தம்பி, மரைக்கார் வந்திருவார்' எண்டு சொன்னன். நம்மட வீடு மேட்டில இருந்துச்சு. படிக்கட்டில ரெண்டு படி மட்டும்தான் நனைஞ்சிருந்துச்சு. அதுதான் என்ட வாயில அப்படி வந்துச்சு. அவன் என்னை ஒரு பார்வை பார்த்திட்டுப் போயிட்டான்.

போனவன் ஆத்துக்கு அந்தப் பக்கம் கணபதியைத் தேடிப் போனான். கணபதி ஆரெண்டு நீ மறந்த மாதிரி நடிக்காதே. பக்கத்து ஊர் மீன்காரன், நம்மட ஒழுங்கையால மீன் கொண்டு வாற பாக்கியத்துட புருசன். அந்த முகத்துவாரத்துட மணல் எங்க மெல்லிசு, எங்க தடிப்பு எண்டு அவனுக்குத் தெரிஞ்ச அளவுக்கு ஒருத்தருக்கும் தெரியாது. அவன்ட வீட்டுக்குள்ளயும் தண்ணி வந்திருக்கலாம், வராமலும் இருந்திருக்கலாம், நான் கேக்கல்லை. ஹனிபா கேட்டவுடனே மண்வெட்டியை எடுத்துக்கொண்டு வந்தான். அஞ்சு பேர். நாலு பேர் நெசவுத் தெரு, ஒருத்தன் கணபதி. கடல் பக்கத்திலிருந்து வெட்டிக்கொண்டு வந்து, ஆத்துப் பக்கம் கடைசி மண் வரம்பை மட்டும் விட்டு வச்சாங்க. அதை உடைக்கிறதுதான் ஆபத்து, உடைச்சவுடனே கரைக்கு ஓட வேணும். உடைக்கப் போன கணபதியை ஹனிபா கயிறை இடுப்பில கட்டச் சொல்லியிருக்கான். கட்டினா ஓட ஏலாது எண்டு கணபதி அவிழ்த்துப் போட்டிருக்கான். நாலு வெட்டு வெட்டினான், வரம்போட சேர்ந்து அவன் நிண்ட கரையும் போச்சு. ஹனிபா கையில வச்சிருந்த கயிறு அப்படியே கையில இருந்துச்சு. ரெண்டு நாளைக்குப் பிறகு தெக்கால மையித்துக் கரை ஒதுங்கினது. நெசவுத் தெருவில நாப்பது வீட்டுச் சுவர் நிண்டது அந்த நாலு வெட்டால. இதுதான் மகன், நீ எழுதின 'எவ்வித உயிர்ச்சேதமுமின்றி'.

பெரிய மரைக்கார்ட ட்ரக்டர் வந்து சேர்ந்தது அதுக்குப் பிறகு. நிவாரணத்துக்கு வந்த அதிகாரிமார், அவங்களோட ஒரு படக்காரன். முதல் வெட்டு வெட்டாமல் ஆறு ஓடினா ஊருக்குக் கூடாது எண்டு ஆரோ சொல்ல, அவரும் இறங்கி ஒரு மண்வெட்டியை வாங்கி ஓங்கியிருக்கார், படக்காரன் அடிச்சிட்டான். அந்தப் படம் இத்தனை வருசமாப் பள்ளிக் கந்தோரில தொங்குதாம். பொம்பிளைகள் அங்க போறதில்லை, நான் கண்டதில்லை. இண்டைக்குத்தான் உன்ட புரூப்புக்குள்ள அதைக் கண்டன், புளொக் செய்ய முன்னம் ஒருக்காப் பார்க்கச் சொல்லி வச்சு அனுப்பியிருக்காங்க. நீ கெம்பஸில வரலாறு படிச்சவன். நான் அஞ்சாம் வகுப்பு. முதல் வெட்டு வெட்டுறவன் காய்ஞ்ச மணலில நிக்க வேணாமா மகன்? படத்தில அவர்ட முழங்கால் வரைக்கும் தண்ணி ஓடுது. திறந்த முகத்துவாரத்துக்குள்ள நிண்டுகொண்டு ஒரு மனிசன் எதைத் திறக்கிறார்? அதைப் பார்க்க உனக்குக் கண் இல்லையா, இல்லாட்டி பார்க்க மனமில்லையா?

இன்னொண்டும் கண்டன். படத்துட இடது ஓரத்தில, மணலில ஒருத்தன் குந்தியிருக்கான். முகம் தெரியாது, முதுகு மட்டும். கையில கயிறு. அது ஹனிபா. என்ட தம்பிட முதுகை எனக்குத் தெரியாதா, நான் குளிப்பாட்டின முதுகு. அந்த ஓரத்தில நீ நீலப் பென்சிலால ஒரு கோடு கீறி 'வெட்டவும்' எண்டு எழுதியிருக்காய். தெரிஞ்சு எழுதினியோ, பக்கத்துக்குள்ள அடங்க வேணுமெண்டு தெரியாமல் எழுதினியோ, எனக்குத் தெரியாது. ரெண்டில எது எண்டாலும் வெட்டுப்படுறது உன்ட மாமா.

அதுக்குப் பிறகு நடந்ததை நான் அண்டைக்கு உனக்குச் சொல்லல்லை. வெக்கத்தில சொல்லல்லை. வெள்ளம் வடிஞ்சு பத்து நாளில பள்ளியில கூட்டம் போட்டாங்க. குடி மரியாதையை மீறி முகத்துவாரத்தில கை வச்சவன் பள்ளியில வந்து மன்னிப்புக் கேக்க வேணுமெண்டு தீர்மானம். மத்த மூணு பேரும் கேட்டிட்டாங்க, பிள்ளை குட்டிக்காரங்க. ஹனிபா கேக்கல்லை. 'கணபதி எழும்பி வந்து கேக்கட்டும், அவனுக்குப் பின்னால நான் கேக்கிறன்' எண்டு சொல்லியிருக்கான். அவனோட ஊரில ஒருத்தரும் ஒரே சஹனில, ஒரே தட்டத்தில, இருந்து சாப்பிடக் கூடாதெண்டு எழுதிக் கையெழுத்து வச்சாங்க. அந்தக் கையெழுத்தில ஒண்டு உன்ட வாப்பாட. மவுத்தானவரைப் பத்திக் குறை கதைக்கிறது பாவம், எனக்குத் தெரியும். ஆனா அவர் மரைக்கார்ட மில்லில வேலை செய்தவர், அந்தச் சோத்தைத்தான் நீயும் நானும் திண்டம். அவர் வச்சார், நான் ஏனெண்டு கேக்கல்லை. கேக்காதவளும் கையெழுத்து வச்சவள்தான்.

ரெண்டு வருசம் கழிச்சு உன்ட ராத்தாட கலியாணம். நீ பரீட்சை எண்டு பந்தி முடிஞ்ச பிறகுதான் வந்தாய். ஹனிபாவுக்கு ஆள் அனுப்பிச் சொன்னன், உம்மாட வயித்தில கூடப் பிறந்தவன், சொல்லாமல் இருக்க ஏலுமா? வந்தான். மருமகளுக்குத் தன்ட கையால நெய்த சாரி ஒண்டு கொண்டு வந்தான். பந்தலில பாய் விரிச்சு சஹன் வச்சாங்க, ஆறு பேருக்கு ஒரு சஹன். எல்லாச் சஹனிலயும் ஆறு பேர் இருந்தாங்க. ஒரு சஹனில ஹனிபா மட்டும் இருந்தான். நெய்ச்சோறும் இறைச்சியும் ஆறு பேருக்கு அளவா அவனுக்கு முன்னால குவிஞ்சு கிடக்கு, சுத்திவர வெறும் பாய். நடுப் பந்தலில பெரிய மரைக்கார், பக்கத்தில உன்ட வாப்பா. நான் குசினி வாசலில நிண்டு பார்த்தன். உன்ட சாச்சாட மகனைக் கூப்பிட்டு 'போய் மாமாவோட இரு' எண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாம். சொல்லல்லை மகன். மகள்ட கலியாணத்தில கரைச்சல் வரக்கூடாதெண்டு நினைச்சு உள்ளுக்குக் கிறுகிட்டன். திரும்பிப் பார்க்கக்குள்ள அவன் படிக்கத்தில கையைக் கழுவிக்கொண்டிருந்தான். ஒரு பருக்கை தொடல்லை. சாப்பிடாத கையை எதுக்குக் கழுவினான்? வெறுங்கையோட எழும்பிப் போனா என்ட வீட்டுக்குக் குறை எண்டு நினைச்சிருக்கான். அந்தக் கிழமையே மருதமுனைக்குப் போய்த் தறியைப் போட்டான், இன்னும் அங்கதான்.

நீ கெம்பஸுக்குக் கொண்டு போன சாரன் எல்லாம் எங்க வாங்கினதெண்டு ஒரு நாளாவது கேட்டியா? பெருநாளைக்குப் பெருநாள் அவன் அனுப்பினது. என்ட பேர் சொல்ல வேணாம் ராத்தா, பொடியன் உடுக்கமாட்டான் எண்டு சொல்லி அனுப்புவான். நானும் கல்முனைக் கடையில எடுத்ததெண்டு பொய் சொல்லித் தந்தன். உன்ட மாமா நெய்த சாரனை உடுத்துக்கொண்டு குந்தியிருந்துதான் அவனை வெட்டச் சொல்லிக் கோடு கீறியிருக்காய்.

கணபதிட பேரைப் போடு எண்டு அண்டைக்குச் சொன்னதுக்கு நீ சொன்னது இன்னும் என்ட காதில கிடக்கு. 'காலம் சரியில்லை உம்மா, இப்ப தமிழாக்கள்ட பேரைப் பள்ளி மலரில போட்டா என்ன சொல்லுவாங்க?' எண்டு கேட்டாய். காலம் சரியில்லை எண்டு எனக்குத் தெரியாதா? போன வருசப் பிரச்சினைக்குப் பிறகு பாக்கியம் நம்மட ஒழுங்கைக்கு வாறதில்லை. அவங்கட பக்கத்திலயும் வீடு எரிஞ்சது, நம்மட பக்கத்திலயும் எரிஞ்சது. கடைசியா வந்த நாள் கூடையை இறக்கி வச்சு, 'உம்மா, இனி எங்கட ஆக்களும் விடமாட்டாங்க, உங்கட ஆக்களும் விடமாட்டாங்க' எண்டு சொல்லிட்டுப் போனாள். காலம் நல்லா இருக்கக்குள்ள பேரைப் போட ஆருக்குத்தான் ஏலாது? இப்ப போடாட்டி பிறகு எப்ப போடுறது? நாளைக்கு உன்ட பிள்ளை இதை வாசிச்சு, அந்தப் பக்கத்து ஆக்கள் நமக்கு ஒரு காலமும் ஒண்டும் செய்யல்லை எண்டு நம்பும். நீதான் நம்ப வச்சவன் ஆவாய்.

மரைக்கார் குடும்பத்தில பெண் எடுக்கிறாய், அதனாலதான் இப்படி வளைஞ்சு எழுதினாய் எண்டு ஊர் சொல்லும். நான் சொல்லல்லை, ஆனா நினைச்சன். அந்தப் பிள்ளையில எனக்கு ஒரு குறையும் இல்லை, நல்ல பிள்ளை. அவள்ட மூத்தவாப்பா பெரிய மரைக்காரும் உண்மையைக் கேட்டா கோவிக்கிற அளவுக்குச் சின்ன மனிசன் இல்லை. கணபதி செத்த பிறகு மூணு போகம் பாக்கியத்துட வீட்டுக்கு நெல் மூட்டை இறங்கினது அவர்ட மில்லிலிருந்து. பாக்கியமே எனக்குச் சொன்னாள். நெல்லைக் கொடுக்க ஏலுமாயிருந்தது, பேரைக் கொடுக்கத்தான் அந்த மனிசனுக்கு ஏலல்லை. இப்ப படுக்கையில கிடக்கார். ஒரு தரமாவது போய் 'மூத்தவாப்பா, நீங்க வெட்டக்குள்ள தண்ணி ஓடினதா?' எண்டு கேட்டியா? கேட்டிருந்தா அவர் பொய் சொல்லியிருப்பார் எண்டு நான் நினைக்கல்லை. நீ கேக்கல்லை. படத்தைப் பார்த்து எழுதினாய், அதையும் சரியாப் பார்க்கல்லை.

இப்ப கேள். புரூப் கட்டை என்ட பெட்டகத்துக்குள்ள வச்சுப் பூட்டிட்டன். அந்தப் பக்கம் திருத்தாமல் அச்சில ஏத்த வேணாமெண்டு அச்சகத்துக்காரருக்கும் சொல்லி அனுப்புறன், அவர் உன்னைவிட மரியாதையாத் தலையாட்டுவார். கணபதிட பேர் வர வேணும். மத்த மூணு பேர்ட பேரும் வர வேணும். படம் முழுசா வர வேணும், கயிறோட குந்தியிருக்கிறவன் ஆரெண்டு கீழ எழுத வேணும். பெரிய மரைக்கார்ட பேரையும் போடு, அவர் பிந்தி வந்தார் எண்டு போடு. இந்தக் கடிதத்தை மூடி அனுப்பல்லை. ஒரு பிரதி பள்ளிக்குப் போகுது, ஒண்டு மருதமுனைக்குப் போகுது.

கலியாணத்துக்கு ஹனிபாவுக்கு நானே நேரில போய்ச் சொல்லுவன். அவன் வருவான், நான் கூப்பிட்டு ஒரு நாளும் வராமல் இருந்ததில்லை. மாப்பிள்ளைச் சஹனில உனக்குப் பக்கத்தில அவன் இருக்க வேணும். நீ எழும்பிப் போய்க் கையைப் பிடிச்சுக் கூட்டி வந்து இருத்த வேணும், பந்தல் முழுக்கப் பார்க்க. அது உனக்கு ஏலாதெண்டா ஏலாதெண்டு இப்பவே எழுது, நான் கோவிக்கமாட்டன். கோவத்தில எனக்கு இனி மிச்சம் இல்லை. அவனுக்குத் தனிச் சஹனே வைக்கச் சொல்லு. இந்த முறை நான் குசினி வாசலில நிக்கமாட்டன். முந்தானையைத் தலைக்கு இழுத்துப் போட்டுக்கொண்டு, ஆம்பிளைகள் இருக்கிற பந்தலுக்குள்ள நேரா நடந்து வந்து, என்ட தம்பிக்கு முன்னால குந்தி, அவன்ட சஹனில கையை வைப்பன். அவன் சாப்பிட்டு முடியிற வரைக்கும் எழும்பமாட்டன். மாப்பிள்ளைட உம்மா அப்படிச் செய்தாள் எண்டு அதையும் உன்ட வரலாற்றில எழுது மகன். என்ட பேரையும் போடு.

உன்ட உம்மா